சொம்மிலிருந்து கல்முனைக்கு: போர்க்களப் படங்களும் ஒரு துண்டுக் கடதாசியும்

இலங்கையில் முதன்முதலாகத் திரையில் ஓடியது ஒரு யுத்தப் படம். 1901ஆம் ஆண்டு, அப்போதைய ஆளுநர் வெஸ்ட் ரிட்ஜ்வேக்கும் தென்னாபிரிக்காவிலிருந்து கப்பலேற்றிக் கொண்டுவரப்பட்ட போயர் யுத்தக் கைதிகளுக்கும் அது காட்டப்பட்டதாக எமது சினிமா வரலாற்றைத் தொகுத்தவர்கள் எழுதியிருக்கிறார்கள். போயர்களைப் பிரித்தானியா வென்றதைச் சொல்லும் துண்டுப் படம் அது. அந்தக் காலத்தில் தியத்தலாவை முகாமிலும் தீவின் வேறு முகாம்களிலுமாகச் சுமார் 5,000 போயர் கைதிகள் இருந்தார்கள். தாங்கள் தோற்ற யுத்தத்தை, தங்களை வென்றவர்கள் எடுத்த படத்தில், தங்களைச் சிறை வைத்தவர்களோடு சேர்ந்து பார்த்திருக்கிறார்கள்.

ஊடகக் கற்கைநெறி படித்த காலத்தில் இந்தத் தகவலை ஒரு பாடக் குறிப்பில் ஒற்றை வரியாகக் கடந்து போயிருக்கிறேன். அம்பாறைக் கரையோரத்தில் யுத்தத்தைப் பற்றி எழுதத் தொடங்கிய பிறகுதான் அது திரும்பத் திரும்ப ஞாபகத்துக்கு வந்தது. எமது யுத்தத்தின் படங்களையும் நாம் கிட்டத்தட்ட அப்படித்தான் பார்த்தோம். யாரோ எடுத்தது, யாரோ வெட்டி ஒட்டியது, யாரோ குரல் கொடுத்தது. பார்ப்பவர் மட்டும் நாம்.

அந்தப் போயர் யுத்தப் படங்கள் எப்படி எடுக்கப்பட்டன என்பதிலிருந்து தொடங்குகிறேன்.

தொட்டிக்குள் ஓடிய கப்பல்கள்

1899இல் டபிள்யூ. கே. எல். டிக்சன் என்ற படப்பிடிப்பாளர் பெரும் பாரமான கமராவோடு தென்னாபிரிக்காவுக்குப் போனார். அவருக்குக் கிடைத்தவை பெரும்பாலும் அணிவகுப்பு, மாட்டு வண்டிகள், பாலம் கட்டும் சிப்பாய்கள், தூரத்தில் பீரங்கி அசைவது. சண்டை படத்தில் விழவில்லை. துப்பாக்கிகள் அப்போதே மைல் கணக்கில் சுடத் தொடங்கியிருந்தன. புகையில்லா வெடிமருந்து வந்துவிட்டது. எதிரி கண்ணுக்கே தெரியவில்லை. ஆனால் ஊரில் இருந்த பார்வையாளர்கள் சண்டையைத்தான் கேட்டார்கள். எனவே இங்கிலாந்தில் ஆர். டபிள்யூ. போல் லண்டனுக்கு அருகிலேயே ஆட்களுக்குச் சீருடை போட்டு போயர் யுத்தக் காட்சிகளை நடிக்க வைத்து எடுத்தார். பிளக்பேர்ன் நகரில் மிச்செல் - கென்யன் கூட்டாளிகளும் அதையே செய்தார்கள்.

அவர்களுக்கு முன்னோடிகளும் இருந்தார்கள். 1897இல் கிரேக்க - துருக்கி யுத்தத்தைப் பிரான்ஸில் தன் ஸ்டூடியோவுக்குள்ளேயே எடுத்து முடித்தவர் ஜோர்ஜ் மெலியே. 1898இல் மணிலா விரிகுடாக் கடற்சமரை அமெரிக்காவில் ஸ்மித்தும் பிளக்டனும் ஒரு தண்ணீர்த் தொட்டிக்குள் நடத்தினார்கள். கப்பல்கள் புகைப்படத்திலிருந்து வெட்டிய அட்டைகள். பீரங்கிப் புகைக்குச் சுருட்டுப் புகை.

இவற்றைப் பார்த்துச் சிரிப்பது சுலபம். ஆனால் யுத்தப் படத்துக்குரிய மூன்று பிரச்சினைகளும் முதல் ஐந்து வருடங்களுக்குள்ளேயே வந்துவிட்டன: கமரா சண்டைக்குப் பிந்தித்தான் போய்ச் சேரும், போய்ச் சேர்ந்தாலும் அனுமதித்த பக்கத்தில்தான் நிற்கும், விடுபட்ட இடத்தை யாராவது நடித்து நிரப்புவார்கள். ‘ஆவணப்படம்’ என்ற சொல்லை அதன் இன்றைய பொருளில் ஜோன் கிரியர்சன் புழக்கத்துக்குக் கொண்டுவந்தது 1926இல்தான். பெயர் வருவதற்கு முன்பே வழக்கு வந்துவிட்டது.

சொம்: முகம் தேடிப் போனவர்கள்

1916 ஜூலை 1ஆம் திகதி பிரான்ஸின் சொம் ஆற்றங்கரையில் பிரித்தானியப் படை பெருந்தாக்குதலைத் தொடங்கியது. அந்த ஒரே நாளில் பிரித்தானியத் தரப்பில் 57,470 பேர் பாதிக்கப்பட்டார்கள். அவர்களில் 19,240 பேர் இறந்தார்கள். அந்தப் படை வரலாற்றில் அதைப் போன்ற நாள் வேறில்லை.

களத்தில் இரண்டே இரண்டு உத்தியோகபூர்வப் படப்பிடிப்பாளர்கள். வடக்கே போமொன் ஹமெல் பக்கம் ஜெஃப்ரி மாலின்ஸ், தெற்கே மாமெட்ஸ் பக்கம் ஜோன் மக்டோவல். அன்று காலை 7.20க்கு ஹோத்தோர்ன் மேட்டின் அடியில் புதைத்த பெருங்கண்ணிவெடி கிளம்பியதை மாலின்ஸ் படம்பிடித்தார். அதற்குச் சற்று முன்னர் தாழ்ந்த மண்பாதையொன்றில் காத்திருந்த லங்கஷயர் பியூசிலியர்ஸ் படையினரையும் எடுத்தார். சிலர் கமராவைப் பார்க்கிறார்கள். ஒருவர் சிரிக்க முயல்கிறார். சிறிது நேரத்தில் அவர்கள் எழுந்து போனார்கள், பலர் திரும்பவில்லை.

ஒரு மணித்தியாலத்துக்கும் சற்று அதிகமாக ஓடும் ‘சொம் சமர்’ படம் ஒகஸ்ட் 10ஆம் திகதி லண்டனில் முதலில் காட்டப்பட்டது. 21ஆம் திகதி பொதுமக்களுக்குத் திறந்துவிடப்பட்டது. சமரோ நவம்பர் வரை நீண்டது. அதாவது சண்டை நடந்துகொண்டிருக்கும்போதே ஊரில் படம் ஓடியது. முதல் ஆறு வாரங்களில் சுமார் 2 கோடி நுழைவுச்சீட்டுகள் விற்றதாக மதிப்பிடப்படுகிறது. அன்றைய பிரித்தானியச் சனத்தொகையில் கிட்டத்தட்ட பாதி அது.

இவ்வளவு பேரும் எதற்காகப் போனார்கள்? அரசு ஒரு காரணத்துக்காக எடுத்தது: யுத்தத்துக்கு மக்கள் ஆதரவு வேண்டும், வெடிமருந்துத் தொழிற்சாலைகளில் வேலை நடக்க வேண்டும். சனம் தன் சொந்தக் காரணத்துக்காகப் போனது. மகன் இருக்கிறானா, தம்பி இருக்கிறானா என்று வரிசை வரிசையாக நடந்து போகும் முகங்களைப் பார்க்கப் போனார்கள். டர்ஹாம் நகரின் தேவாலய முதல்வர் இதைக் கடுமையாக எதிர்த்துப் பத்திரிகைக்கு எழுதினார். உறவை இழந்தவர்களின் துக்கத்தை வேடிக்கைப் பொருளாக்குவதாகக் கண்டித்தார். அவருக்குப் பதில் எழுதியவர்களில் அந்தச் சண்டையில் உறவுகளை இழந்தவர்களும் இருந்தார்கள். தங்கள் பிள்ளைகள் எதற்குள் போனார்கள் என்பதைக் கண்ணால் பார்க்க வேண்டும் என்பது அவர்கள் பக்கத்து நியாயம்.

காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மார் ஒரு பத்திரிகைப் படத்தின் மூலையில் மங்கலாகத் தெரியும் உருவத்தை விரலால் தொட்டுக் காட்டுவதைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை.

அந்தப் படத்தில் பொய்யும் உண்டு. சிப்பாய்கள் அகழியிலிருந்து ஏறிப் பாயும்போது இருவர் சுடுபட்டு விழும் புகழ்பெற்ற காட்சி, சண்டைக் களத்துக்குப் பின்னால் ஒரு பயிற்சி முகாமில் நடித்து எடுக்கப்பட்டது என்பதே இன்றைய ஆய்வாளர்களின் முடிவு. படத்தில் மிகச் சிறிய பகுதிதான் இப்படி நடித்தது. ஆனால் நூறு வருடமாக முதலாம் உலக யுத்தம் என்றவுடன் உலகத் தொலைக்காட்சிகள் எடுத்துப் போட்டது அந்தச் சிறிய பகுதியைத்தான். உண்மையான காட்சிகளில் சண்டை தெரியாது. தூசு தெரியும், வெற்று வெளி தெரியும். நடித்த காட்சியில்தான் எல்லாம் தெளிவாகத் தெரிகிறது.

நடித்தது என்று எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்பதுதான் எனக்கு முக்கியம். படச்சுருள்கள் 1920இல் லண்டனிலுள்ள இம்பீரியல் யுத்த அருங்காட்சியகத்தின் பொறுப்பில் வந்தன. அதே 1920இல் மாலின்ஸ் தன் நினைவுக் குறிப்புகளைப் புத்தகமாக்கினார். களத்தில் அவரோடு நின்ற ஏர்னெஸ்ட் புரூக்ஸ் எடுத்த புகைப்படங்கள் இருந்தன. படையணிகளின் நாட்குறிப்புகள் இருந்தன. இவற்றையெல்லாம் வைத்துக்கொண்டு, சீருடை அடையாளங்களையும் நிலத்தின் மேடு பள்ளத்தையும் ஒப்பிட்டு, ஒவ்வொரு காட்சியும் எங்கே, எப்போது எடுக்கப்பட்டது என்று பிற்காலத்தில் வேலை செய்தார்கள். 2005இல் யுனெஸ்கோ அந்தப் படத்தை ‘உலக நினைவகம்’ பட்டியலில் சேர்த்தது.

ஆனாலும் ஒரு காட்சி பிடிகொடுக்கவில்லை. காயப்பட்ட தோழனை முதுகில் சுமந்துகொண்டு ஒரு சிப்பாய் அகழிவழியே வருகிறார்; கமராவை ஒரு கணம் நேராகப் பார்க்கிறார். சுமந்து வரப்பட்டவர் சிறிது நேரத்தில் இறந்துவிட்டதாகப் படத்திலேயே எழுத்துப் போடப்படுகிறது. சுமந்தவர் எங்கள் தாத்தா, எங்கள் மாமா என்று பல குடும்பங்கள் பல பெயர்களைச் சொல்லியிருக்கின்றன. யாரென்று உறுதியாக முடிவாகவில்லை. அன்றைக்கு யாரும் பெயர் எழுதவில்லை.

ஜேர்மனியர்கள் சும்மா இருக்கவில்லை. 1917 ஜனவரியில் தங்கள் படைக்கென்று ஒரு பட, புகைப்படப் பணியகத்தை உருவாக்கி, அதே சொம் பற்றித் தங்கள் வீரர்களின் படத்தை வெளியிட்டார்கள். ஒரே ஆறு, ஒரே மாதங்கள், இரண்டு நாடுகளுக்கு இரண்டு படங்கள்.

யுத்தம் முடிந்த பிறகு நடந்தது இன்னும் விசித்திரம். 1920களில் பிரித்தானியாவில் சீப்ரூக், ஈப்பர், மொன்ஸ் என்று சமர்களின் பெயரிலேயே வரிசையாகப் படங்கள் வந்தன. யுத்த அமைச்சும் கடற்படையும் ஆளும் தளவாடமும் கொடுத்தன. உண்மைச் சிப்பாய்களே பழைய சண்டையைத் திரும்ப நடித்தார்கள். 1928இல் பிரான்ஸில் லியோன் புவாரியே வெர்டன் களத்திலேயே அங்கு சண்டையிட்டவர்களை வைத்து எடுத்தார். பிறகு இந்த நடிப்புக் காட்சிகள் வெட்டப்பட்டு, வேறு படங்களுக்குள் அசல் காட்சிகளாகப் போய்ச் சேர்ந்தன. ஒரு தேசத்தின் நினைவு இப்படியும் தயாராகும். அதில் பங்கெடுத்தவர்கள் எல்லோரும் பொய்யர்களல்லர். செத்தவர்களுக்குச் செய்யும் மரியாதை என்றே பலர் நினைத்திருப்பார்கள்.

சுருளோடு போன கடதாசி

இரண்டாம் உலக யுத்தத்தில் பிரித்தானிய இராணுவம் படப்பிடிப்பாளர்களுக்கு ஒரு கட்டாயம் வைத்தது. ஒவ்வொரு சுருளோடும் ஒரு குறிப்புத் தாள் நிரப்பிக் கொடுக்க வேண்டும். திகதி, இடம், எந்தப் படையணி, காட்சியில் என்ன நடக்கிறது, தெரிந்தால் ஆட்களின் பெயர். களைத்துப் போன மனிதன் பென்சிலால் கிறுக்கிய தாள்கள் அவை.

1945 ஏப்ரலில் பேர்கன் பெல்சன் வதைமுகாமுக்குள் போனவர்கள் அந்தப் படப்பிடிப்பாளர்கள்தான். அங்கு எடுக்கப்பட்டவற்றையும் மற்ற முகாம்களின் காட்சிகளையும் வைத்து சிட்னி பேர்ன்ஸ்டைன் ஒரு படம் தயாரித்தார். அல்ஃபிரட் ஹிட்ச்கொக் ஆலோசகராக இருந்தார். நாளைக்கு யாராவது இது பொய் என்று சொல்வார்கள் என்ற பயம் அன்றே அவர்களுக்கு இருந்தது. அதனால் வெட்டாமல் நீளமாக எடுத்த காட்சிகளை நாடினார்கள். அயலூர்ப் பெரியவர்கள் வந்து பிணக்குழியின் அருகே நிற்பதும் அதே சட்டகத்துக்குள் வர வேண்டும் என்று பார்த்தார்கள்.

அரசியல் மாறியது; படம் அரைகுறையில் நிறுத்தப்பட்டது. ஆறு சுருள்களில் ஐந்துதான் சேர்க்கப்பட்டிருந்தன. ஏறத்தாழ எழுபது வருடங்கள் கழித்து, 2014இல், இம்பீரியல் யுத்த அருங்காட்சியகம் ஆறாவது சுருளையும் சேர்த்துப் படத்தை முடித்துக் காட்டியது. எப்படி முடிந்தது? எந்தக் காட்சிக்குப் பிறகு எது என்ற பட்டியலும், எழுத்துப் பிரதியும், படப்பிடிப்பாளர்களின் குறிப்புகளும் அப்படியே பாதுகாக்கப்பட்டிருந்தன. கடதாசி இருந்ததால் படம் முடிந்தது.

இதே யுத்தத்தில் எதிர்மாறான உதாரணமும் உண்டு. ஜோன் ஹியூஸ்டன் இத்தாலியில் எடுத்து 1945இல் வெளியான ‘சான் பியத்ரோ’ மிகச் சிறந்த சமர்ப்படம் என்று நீண்ட காலம் புகழப்பட்டது. அதன் சண்டைக் காட்சிகளில் பெரும்பகுதி சண்டை முடிந்த பிறகு அதே சிப்பாய்களை வைத்துத் திரும்ப எடுக்கப்பட்டது என்பது பிற்பாடு தெரிந்தது. தெரியவந்ததும், அமெரிக்க இராணுவக் களஞ்சியத்தில் கிடந்த சுருள்களையும் பதிவுகளையும் ஆய்வாளர்கள் புரட்டியதால்தான்.

எமது கடலில் ஒரு படம்

அந்த யுத்தம் எமது கரைக்கும் வந்தது. 1942 ஏப்ரல் 9ஆம் திகதி ஜப்பானிய விமானங்கள் திருகோணமலையைத் தாக்கிய அன்று, தெற்கு நோக்கி விலகிப் போன ஹேர்மிஸ் என்ற பிரித்தானிய விமானந்தாங்கிக் கப்பலை மட்டக்களப்புக்கு அப்பால் கடலில் மூழ்கடித்தன. அதில் 307 பேர் இறந்தார்கள். கப்பல் இன்றும் அங்கேதான் கிடக்கிறது. சுழியோடிகள் போய்ப் பார்க்கிறார்கள்.

அது சரிந்து மூழ்கும் புகைப்படம் உலகப் புத்தகங்களில் வந்தது. எடுத்தது தாக்கிய விமானத்திலிருந்து. எமது கடலில் நடந்த மிகப் பெரிய சமரின் மிக அறியப்பட்ட படம், மேலே இருந்து, அடித்தவனின் கண்ணால் எடுக்கப்பட்டது. கரையிலிருந்து வெடிச்சத்தம் கேட்ட மீனவர்களின் பக்கத்துக்குப் படம் இல்லை.

1980களுக்கு வருவோம். அரச தரப்பிடம் 1982 பெப்ரவரியில் தொடங்கிய ரூபவாஹினி இருந்தது. விடுதலைப் புலிகளிடம் யாழ்ப்பாணத்தில் உருவான ‘நிதர்சனம்’ இருந்தது. சமர்களுக்குப் படப்பிடிப்பாளர்கள் போராளிகளோடு போனார்கள், மாண்டவர்களும் உண்டு. ‘ஒளிவீச்சு’ சஞ்சிகையின் கசெட்டுகள் வன்னியிலிருந்து ஐரோப்பா, கனடா வரை போயின. சொம் போலவே, ஒரே களத்துக்கு இரண்டு படங்கள். இரண்டு தேசங்கள் தங்கள் தங்கள் மாவீரர்களை, ரணவிருவர்களை, அந்தப் படங்களில் செய்துகொண்டன. பின்னணி இசையைக்கூடக் கழற்றி மாற்றிப் போட்டுவிடலாம் என்று சில வேளை நினைத்ததுண்டு.

இரண்டிலும் களம் என்றால் பெரும்பாலும் வடக்கு. முல்லைத்தீவு, ஆனையிறவு, கடைசியில் முள்ளிவாய்க்கால். கிழக்கு வந்தால் காடும் முகாமும். ஏறாவூருக்கும் திருக்கோவிலுக்கும் இடையில் 1990இன் மூன்று மாதங்களில் நடந்ததை யோசித்துப் பாருங்கள். ஜூன் 11ஆம் திகதி கல்முனை உட்படக் கிழக்கின் பொலிஸ் நிலையங்கள் புலிகளால் சூழப்பட்டன. சரணடைந்த சிங்கள, முஸ்லிம் பொலிஸார் நூற்றுக்கணக்கில் கொல்லப்பட்டார்கள். பிறகு இராணுவம் கல்முனைக்குள் வந்தபோது தமிழர்கள் கொல்லப்பட்டார்கள், கொண்டு போகப்பட்டவர்கள் திரும்பவில்லை. ஒகஸ்ட் 3ஆம் திகதி காத்தான்குடியின் இரண்டு பள்ளிவாசல்களில் தொழுகையில் நின்ற நூறு பேருக்கு மேல் புலிகளால் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். ஒகஸ்ட் 12ஆம் திகதி ஏறாவூர். அதே ஒகஸ்டில் வீரமுனையில் கோயிலில் தஞ்சம் புகுந்திருந்த தமிழர்கள் கொல்லப்பட்டார்கள்.

இவை எவையும் சமர் அல்ல. இங்கே அணிவகுப்பு இல்லை, கொடி ஏற்றம் இல்லை. அதனால்தான் சமர்ப்படங்களுக்குள் இவற்றுக்கு இடம் வரவில்லை என்று நினைக்கிறேன். அரசின் படத்துக்குத் தமிழரின் ஜூன் தேவைப்படவில்லை. புலிகளின் படத்துக்கு முஸ்லிம்களின் ஒகஸ்ட் தேவைப்படவில்லை. எங்கள் இரு சமூகத்து ஊர்களும் ஒன்றையொன்று பார்க்கும்போதும், அவரவர் மாதத்தை மட்டுமே நினைவுகூரும் பழக்கம் அப்படியே இருக்கிறது. காத்தான்குடி மீரா ஜும்ஆப் பள்ளிவாசலின் சுவரில் சன்னத் துளைகளை மூடாமல் விட்டிருக்கிறார்கள். அந்தச் சுவர்தான் அங்கே ஆவணப்படம். மனித உரிமைகளுக்கான பல்கலைக்கழக ஆசிரியர்கள் (யாழ்ப்பாணம்) அமைப்பு அந்த மாதங்களை ஊர் ஊராக எழுதி வைத்திராவிட்டால், இந்தப் பத்தியை இந்த ஒழுங்கில் என்னால் எழுதியிருக்க முடியாது.

‘பொய்’ என்று சொன்னபோது

2009 ஒகஸ்டில் பிரித்தானியாவின் சனல் 4 ஒரு கைத்தொலைபேசிக் காட்சியை ஒளிபரப்பியது. கைகள் கட்டப்பட்ட, நிர்வாணமாக்கப்பட்ட மனிதர்கள் சுட்டுக் கொல்லப்படும் காட்சி. அரசாங்கம் பொய் என்றது. ஐக்கிய நாடுகளின் விசேட அறிக்கையாளராக இருந்த பிலிப் அல்ஸ்டன் துப்பாக்கியியல், சடலப் பரிசோதனை, வீடியோத் தொழில்நுட்பம் ஆகிய மூன்று துறைகளின் நிபுணர்களிடம் அதைக் கொடுத்தார். துப்பாக்கி பின்னுதைக்கும் விதம், உடல் சரியும் விதம், காட்சியில் வெட்டு ஒட்டு இருக்கிறதா என்பவற்றைப் பார்த்து, அது உண்மையானது என்பதையே ஆதாரங்கள் வலுவாகக் காட்டுவதாக 2010 ஜனவரியில் அறிவித்தார். பதிவுக்குள் இருந்த திகதி உட்படச் சில அம்சங்களுக்கு நிபுணர்களால் விளக்கம் சொல்ல முடியவில்லை என்பதையும் அவர் மறைக்கவில்லை. அப்படிச் சொன்னதால்தான் அந்த முடிவுக்கு மதிப்பு.

பிறகு 2011இல் ‘இலங்கையின் கொலைக்களங்கள்’, 2013இல் கலம் மக்ரேயின் ‘நோ ஃபயர் ஸோன்’ வந்தன. பாதுகாப்பு அமைச்சு தன் பதில் படத்தை வெளியிட்டது. 1916, 1917 மாதிரியே.

பெல்சன் காட்சிகளோடு எடுத்தவரின் பெயரும் தாளும் இருந்தன. எமது காட்சிகளோடு எதுவும் வரவில்லை. எடுத்தவர் பெயர் சொல்லவே முடியாத நிலை. நிபுணர்கள் சடலத்தின் அசைவிலிருந்து உண்மையைத் தேட வேண்டியதாயிற்று.

2019 ஏப்ரலிலும் இதைக் கண்டோம். உயிர்த்த ஞாயிறுத் தாக்குதல்களுக்குப் பின், 26ஆம் திகதி இரவு, சுனாமிக்குப் பிறகு கட்டப்பட்ட சாய்ந்தமருது வொலிவேரியன் குடியிருப்பில் ஒரு வீட்டில் குண்டுகள் வெடித்துச் சிறுவர்கள் உட்பட 15 பேர் இறந்தார்கள். மறுநாள் உலகம் முழுவதும் ஓடியது படைத்தரப்பு காட்டிய அந்த வீட்டுக்குள் உள்ள காட்சிதான். சாய்ந்தமருது என்ற ஊருக்கு இணையத்தில் வேறு அசையும் படங்கள் அன்று எத்தனை இருந்தன? மீன் வாடி, பாடசாலை, வெள்ளிக்கிழமைச் சந்தடி? ஊரைத் தேடியவனுக்குக் கிடைத்தது ஒரு வீடு.

அலுமாரிக்குள் இருப்பது

படம் எமது ஊர்களில் இல்லவே இல்லை என்று சொல்ல வரவில்லை. எண்பதுகளின் கடைசியிலிருந்து கல்முனைக்குடி, மருதமுனை, நிந்தவூர், காரைதீவு எங்கும் கலியாண வீடியோ எடுக்காத வசதியான குடும்பம் குறைவு. சண்டையைப் படம்பிடிக்க வராத கமரா மாப்பிள்ளை ஊர்வலத்துக்கு வந்தது.

என் சாச்சியின் கலியாணக் கசெட்டை அண்மையில் மாற்றிப் பார்த்தேன். தொண்ணூறுகளின் நடுப்பகுதி. பகல் கலியாணம், இருட்டுவதற்குள் எல்லோரும் வீடு சேர வேண்டும் என்பதால். சஹனைச் சுற்றி இருந்து சாப்பிடும் ஆட்களை விட்டுவிட்டு, கமரா ஒரு தடவை வீதியைச் சுற்றுகிறது. முடக்கில் மண்மூட்டைக் காவலரண். அதற்கு அருகே கிடுகு வேலி. அதற்கு அப்பால் கடற்கரைப் பக்கத்து வீடுகள், 2004 டிசெம்பர் 26ஆம் திகதி கடல் எடுத்துப் போன வீடுகள். இலங்கையில் சுனாமியால் அதிக உயிர்கள் போனது அம்பாறை மாவட்டத்தில், பத்தாயிரத்துக்கும் மேல். வீடியோ எடுத்தவர் காவலரணைப் படம்பிடிக்க நினைத்திருக்க மாட்டார். அது பதினைந்து செக்கன்தான். அந்த வீதி அப்படி இருந்ததற்கு எங்கள் குடும்பத்திடம் இருக்கும் ஒரே சாட்சி அது.

இப்படியான கசெட்டுகள் நூற்றுக்கணக்கில் எங்கள் அலுமாரிகளில் செத்துக்கொண்டிருக்கின்றன. காந்த நாடாவுக்கு உப்புக் காற்றும் ஈரமும் எமன். நாடா ஓரத்தில் வெள்ளைப் பூஞ்சணம் தெரியும். கடைசியாக விஎச்எஸ் டெக் செய்துகொண்டிருந்த ஃபுனாய் கம்பனி 2016 ஜூலையில் உற்பத்தியை நிறுத்திவிட்டது. இனி பழுதாகும் ஒவ்வொரு டெக்கும் நட்டம்.

பயமும் சேர்ந்துகொண்டது. பயங்கரவாதத் தடைச் சட்டம் இருக்கும் நாட்டில், சோதனைக்கு வருகிறார்கள் என்றால் எது ஆபத்து எது இல்லை என்று பிரித்துப் பார்க்க நேரமில்லை. தமிழ் வீடுகளில் எத்தனையோ கசெட்டுகள் கிணற்றுக்கும் நெருப்புக்கும் போயின. 2019க்குப் பிறகு முஸ்லிம் வீடுகளிலும் புத்தகங்கள் எரிந்தன.

இன்னொரு தயக்கம் நியாயமானது. எங்கள் கலியாணக் கசெட்டுகளில் பெண்கள் பக்கம் இருக்கிறது. வீட்டுக்குள் முக்காடில்லாமல் சிரித்துக்கொண்டிருக்கும் உம்மாமார், ராத்தாமார். அதை வெளியாருக்குக் கொடுக்கச் சொல்ல எனக்கு உரிமையில்லை. ஆவணப்படுத்துகிறோம் என்று வருபவர்கள் முதலில் இதைத்தான் மதிக்க வேண்டும். பெண்கள் பக்கத்தைக் குடும்பத்திடமே வைத்துக்கொண்டு, வீதி, ஊர்வலம், பள்ளிவாசல், கடற்கரை ஆகிய பகுதிகளை மட்டும் கொடுக்கலாம். முழுப் பிரதி குடும்பத்திடம் இருக்கட்டும்.

கசெட்டை வைத்திருப்பவர்களுக்குச் சில வேலைகள் சொல்கிறேன். பூஞ்சணம் தெரிந்தால் டெக்கில் போட வேண்டாம். அந்தக் கசெட்டும் போகும், டெக்கின் ஹெட்டும் போகும். கசெட்டின் முதுகுப்பக்கம் ஓரமாக ஒரு சிறு பிளாஸ்டிக் தகடு இருக்கும், அதை உடைத்துவிட்டால் மேலே வேறு எதுவும் பதிவாகாது. படுக்கப் போடாமல் புத்தகம் போல நிமிர்த்தி வையுங்கள். கணினிக்கு மாற்றும்போது கடைக்காரர் ‘தேவையில்லாத’ இடங்களை வெட்டித் தரவா, பாட்டுச் சேர்க்கவா என்று கேட்பார். வேண்டாம் என்று சொல்லுங்கள். நான் சொன்ன பதினைந்து செக்கன் அந்தத் தேவையில்லாத இடத்தில்தான் இருந்தது. மாற்றிய பிறகும் அசலை வீச வேண்டாம். பிரதி இரண்டு, இரண்டு வேறு வீடுகளில்.

இதையெல்லாம்விட அவசரம் பேனை. மூத்தவர்கள் இருக்கும்போதே பக்கத்தில் இருத்திப் படத்தை ஓடவிட்டு, நிறுத்தி நிறுத்திக் கேட்டு எழுதுங்கள். திகதி. எந்த ஊர், எந்த வீதி. எடுத்தவர் யார். கமராவைப் பார்ப்பவர்களின் பெயர்கள். அவர்களில் இன்று இல்லாதவர்கள் யார், எப்போது இல்லாமல் போனார்கள். சரியாகத் தெரியாத இடத்தில் தெரியாது என்றே எழுதுங்கள். ஊகத்தைப் பெயராக எழுதினால் பிறகு அதைத் திருத்த ஆளிருக்காது. தமிழ்ப் பேசும் சமூகங்களின் ஆவணங்களை 2005 முதல் எண்ணிமப்படுத்திவரும் நூலகம் நிறுவனம் ‘ஆவணகம்’ என்ற தளத்தில் ஒலி, ஒளிப் பதிவுகளையும் சேர்க்கிறது. யாழ் நூலக எரிப்பைப் பற்றி சோமீதரன் எடுத்த ‘எரியும் நினைவுகள்’ போன்ற ஒரு படத்தை நாளைக்கு எங்கள் ஊரிலிருந்து ஒரு பிள்ளை எடுக்க நினைத்தால், அந்தப் பிள்ளை தேடிப் போகும் இடம் அப்படியான களஞ்சியமாகத்தான் இருக்கும்.

சாச்சியின் கசெட்டிலுள்ள பந்தல் வாசலில் நிற்கும் ஒன்பது ஆண்களில் ஆறு பேரின் பெயர்களை உம்மா சொல்லிவிட்டார். இரண்டு பேர் மாப்பிள்ளை வீட்டுப் பக்கம் என்பதால் அங்கே கேட்க வேண்டும். ஒன்பதாவது ஆள் வாசலுக்கு வெளியே, சைக்கிளோடு, காவலரண் பக்கம் பார்த்தபடி நிற்கிறார். வெள்ளைச் சாரம், கைக்கடிகாரம், நாற்பது வயதிருக்கும். அவரது இடத்தில் தாளில் ஒரு கோடு போட்டு வெறுமையாக விட்டிருக்கிறேன்.